பக்கம் நூற்று நாற்பத்து மூன்றில் உங்கள் தங்கை

பிரிக்பீல்ட்ஸ், வெள்ளிக்கிழமை

மதிப்பிற்குரிய மச்சான் பழனியப்பன் அவர்களுக்கு, தங்கை வீட்டுக்காரன் வேலாயுதம் எழுதுவது. பத்துமலையான் தயவில் உங்கள் தங்கை புஷ்பவல்லி சுகம். நான் சுகமில்லை. வாட்சாப்பில் சொன்னால் குடும்பக் குரூப் முழுக்கப் பரவிவிடும் என்பதால்தான் கடிதம்.

போன வாரம் புதன்கிழமை பசியாறிக்கொண்டிருந்தபோது அவள் பெயருக்குத் தபாலில் ஒரு புத்தகம் வந்தது. பறக்கும் தட்டைப் பார்த்தவர்களைப் பற்றியதாம். செமினியில் இருக்கிற லோகன் என்ற தம்பி எழுதியிருக்கிறார். ஆள் மாறி அனுப்பிவிட்டார்கள் என்று நினைத்து, சிரிக்கலாமே என்று சத்தமாக வாசித்தேன். ஒருத்தர் பார்த்தது வெள்ளி கிரகமாம், இன்னொருத்தர் பார்த்தது வானிலை பலூனாம். தோசை புரையேறும் அளவுக்குச் சிரித்தேன் மச்சான். அப்படியே பக்கம் நூற்று நாற்பத்து மூன்றுக்கு வந்தேன். "1984, தெலுக் பங்லிமா காராங் ஊருக்குப் போகும் சடக்கு, சாயங்காலம் ஆறு மணி. தென்னை மர உயரத்தில் ஓசையில்லாமல் நின்ற வெள்ளித் தட்டைக் கண்டவர், அன்று பத்தொன்பது வயதான கிள்ளான் புஷ்பவல்லி." பக்கத்திலேயே போட்டோ. போன தீபாவளிக்கு நாங்கள் சேர்ந்து எடுத்த போட்டோ மச்சான்! என்னை வெட்டிவிட்டிருக்கிறார்கள்.

"இது யாரு?" என்றேன்.

"நான்தான். சட்னி போதுமா?" என்றாள்.

கல்யாணமாகி முப்பத்தெட்டு வருஷம் மச்சான்! ஏன்டி என்கிட்ட சொல்லலன்னு கேட்டா, "கல்யாணமான புதுசுல சொல்ல வந்தேன். இதெல்லாம் பாக்குறவங்களுக்கு ஸ்க்ரூ லூஸுன்னு டிவியப் பாத்துச் சிரிச்சீங்க. வாய மூடிக்கிட்டேன். அந்தத் தம்பி ரெண்டு மணி நேரம் குறுக்க பேசாம கேட்டுச்சு"ங்கிறா. எனக்கு நெஞ்சுல சுருக்குன்னுச்சு. ஆனா விடுவேனா? கண் மயக்கம்தான்னு நிரூபிக்க லைப்ரரியிலேர்ந்து ஆறு புத்தகம் எடுத்தேன், ஆறும் ஆறு மாதிரி சொல்லுது. சரி, நானே செஞ்சு காட்டுறேன்னு சாம்பார் சட்டி மூடிய நாலாவது மாடியிலேர்ந்து வீசினேன். அழகாத்தான் பறந்துச்சு, பிளாட் கமிட்டி தலைவர் சுகுமாறன் கீழ நிறுத்தியிருந்த காடி கண்ணாடியில இறங்குற வரைக்கும். மனுஷன் மூடியும் கையுமா மேல வந்தாரு. திட்டுவாருன்னு பாத்தா, ஹால்ல விரிச்சுக் கிடந்த புத்தகத்தப் பாத்துட்டு, "அக்கா, நீங்களா இது?"ன்னு உக்காந்துட்டாரு லா! இப்ப சாயங்காலமானா பிளாட்டே எங்க வீட்டுலதான். அவ பேசுறா, நான் கப்புல தே ஊத்துறேன். "அங்கிள் ஒண்ணுமே பாத்ததில்லயா?"ன்னு பாவமா கேக்குறாங்க மச்சான்.

நீங்கதான் அவளுக்கு மூத்தவர். உங்க பேச்சைத் தட்ட மாட்டா. ஞாயித்துக்கிழமை வந்து, "தங்கச்சி, அப்படி ஒண்ணும் நடக்கல"ன்னு ஒரே ஒரு வார்த்தை சொல்லிடுங்க.

வீட்டில் அக்காவுக்கு என் வணக்கம். பேரப்பிள்ளைகள் வானத்தை அண்ணாந்து பார்க்காமல் நன்றாகப் படித்து முன்னுக்கு வரட்டும்.

தங்கள் மைத்துனன்,
வேலாயுதம்

பி.கு.: உறையை ஒட்டும் முன் அந்தப் புத்தகத்தின் பக்கத்தைத் திருப்பிவிட்டேன். நூற்று நாற்பத்து நான்கில், "முதலில் பார்த்தவர் புஷ்பவல்லியின் அண்ணன். மோட்டார் சைக்கிளைக் கால்வாயில் விட்டுவிட்டுத் தங்கைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார்" என்று போட்டிருக்கிறது. நீங்க வந்து ஒண்ணும் சொல்ல வேணாம் மச்சான். சும்மா வாங்க. அவ முதல்லேர்ந்து சொல்லட்டும், நான் வாயத் திறக்காம கேக்குறேன். நீங்க யாருக்குப் பின்னாடி வேணும்னாலும் உக்காந்துக்கலாம்.