ஒன்பது வயது மெக்கானிக்

இதைத் தப்பாகச் சொல்லிவிடுவேனோ என்று எனக்குப் பயமாக இருக்கிறது. பெண்டாட்டியிடம் ஏமாந்த புருஷனின் கதையைச் சொல்லும்போது வாய் தானாகவே கொஞ்சம் கூட்டிச் சொல்லும். அதனால் முதலிலேயே சொல்லி வைக்கிறேன். மெக்கானிக் நல்ல மனுஷர். பிறகு இதைச் சொல்ல இடம் கிடைக்குமோ கிடைக்காதோ.

அவர் லிஃப்ட் மெக்கானிக். நகரத்தில் பாதிப் பேர் தன்னால்தான் வீடு போய்ச் சேருகிறார்கள் என்பது அவர் நம்பிக்கை. அவர் மனைவி வீட்டின் முன்னறையில் தையல் மெஷின் போட்டுத் தைக்கிறாள். அவள் வேலைக்கென்று ஒரு டேப்லெட் வாங்கியிருந்தாள். கடையில் இருந்ததிலேயே மலிவானது. அதற்கென்று தனியாக ஒரு ஆப் கடை உண்டு. மற்றவர்கள் போனில் இருப்பது பெரிய அங்காடி என்றால், இது தெருமுனைப் பெட்டிக்கடை. நாம் கேட்பது அதில் இருக்காது. அதில் இருப்பதை நாம் கேட்க மாட்டோம்.

அவளுக்கு அதைப் பற்றிக் கவலை இல்லை. அவளுக்கு வேண்டியது கேமரா ஒன்றுதான். எட்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவள். நோட்டில் எழுதி வைத்தால் யாருடைய அளவு யாருடையது என்று அவளுக்கே குழம்பிவிடும். அதனால் அளவெடுத்ததும் ஒரு சிலேட்டில் எழுதுவாள். தோள், மார்பு, கை நீளம். சிலேட்டைப் பிள்ளையின் கையில் கொடுத்து நெஞ்சுக்கு நேரே பிடிக்கச் சொல்லி ஒரு படம் எடுப்பாள். பிடிபட்ட திருடனைப் போலீஸ் படம் எடுப்பது போல இருக்கும். பிறகு சிலேட்டைத் துடைத்துவிட்டு அடுத்த திருடன். அந்த வாரம் டேப்லெட்டில் அப்படி நாற்பத்துமூன்று பிள்ளைகள் இருந்தார்கள். பள்ளிக்கூடச் சட்டை ஆர்டர். அவள் வாழ்க்கையில் வந்த முதல் பெரிய ஆர்டர். புதன்கிழமை கொடுத்தாக வேண்டும்.

அந்த நேரம் பார்த்துத்தான் மெக்கானிக் தன் மச்சான் வீட்டிலிருந்து முகம் சிவந்து வந்து சேர்ந்தார். மச்சான் என்றால் தையல்காரியின் தம்பி. நாற்பது வயது, முழு வழுக்கை, கையில் புது போன்.

"உன் தம்பி என்ன பண்றான் தெரியுமா? பதினாறு சக்கர லாரி ஓட்டுறான்."

"அவனுக்கு சைக்கிளே ஓட்ட வராதே!"

"போன்லம்மா. ஆட்டம். மலைப்பாதை, மழை, வளைவு, எல்லாம் அப்படியே இருக்கு. 'ஒரு தடவை குடுடா'ன்னேன். 'மாமா, உங்களுக்கு மேல கீழதானே பழக்கம், இது முன்னால போற வண்டி'ங்கிறான்."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. வாயில் குண்டூசி இருந்ததால் சிரிக்க முடியவில்லை.

"ஞாயித்துக்கிழமை அவன் இங்க வர்றான்ல? அவன் கண்ணு முன்னால, உன் டேப்லெட்டுல, அதைவிடப் பெரிய திரையில, அதே லாரியை நான் ஓட்டிக் காட்டலைன்னா என் ஸ்பேனரைத் தூக்கி வீசிடறேன்."

"என் டேப்லெட்டுலயா?"

"நம்ம டேப்லெட்டு."

வாங்கும்போது அது அவளுடையது. லாரி வந்ததும் 'நம்ம' ஆகிவிட்டது.

அன்று மாலையே பெட்டிக்கடைக்குள் புகுந்து 'லாரி' என்று தேடினார். லாரிக்கு வண்ணம் தீட்டும் புத்தகம் வந்தது. மூன்று வயதுப் பிள்ளைகளுக்கான எழுத்துப் பாடம் வந்தது. லாரி ஹாரன் ஓசை மட்டும் எழுப்பும் ஓர் ஆப் வந்தது. அந்த ஹாரனை இறக்கி அரைமணி நேரம் அடித்துக்கொண்டிருந்தார். மாடி வீட்டுக்காரர் எட்டிப் பார்த்து "வண்டி எங்க நிக்குது?" என்று கேட்ட பிறகுதான் நிறுத்தினார்.

வேறு வழியில்லாமல் மச்சானுக்கே போன் போட்டார்.

"மாமா, அந்தக் கடையில அது கிடைக்காது. பெரிய கடையையே உள்ள கொண்டு வரணும். நாலு ஃபைல் அனுப்பறேன். முதல்ல செட்டிங்ஸ்ல அனுமதி குடுங்க. அப்புறம் ஒண்ணு முடிஞ்சதும் ஒண்ணு, வரிசையா ஏத்துங்க. நடுவுல எதையும் திறக்கக் கூடாது. மாமா, வரிசை ரொம்ப முக்கியம்..."

"எனக்கே சொல்றியா? பத்து மாடி லிஃப்டோட பேனலைக் கண்ணை மூடிக்கிட்டுப் பிரிச்சு மாட்டறவன்டா நான்!" என்று போனை வைத்துவிட்டார்.

வைத்தவர் நாலாவதை முதலில் ஏற்றினார். அதுதான் பெரிதாக இருந்ததாம். 'நின்றுவிட்டது' என்றது டேப்லெட். இரண்டாவதை ஏற்றினார். 'நின்றுவிட்டது.' எங்கோ தேடிப் பிடித்து, மச்சான் அனுப்பாத ஐந்தாவது ஒன்றையும் ஏற்றினார். அது மட்டும் நிற்கவே இல்லை. என்ன செய்கிறது என்றும் யாருக்கும் தெரியவில்லை.

மறுநாள் காலை தெரிந்தது.

சட்டை ஆர்டர் கொடுத்த டீச்சரம்மா தனக்கும் ஒரு மேல்சட்டை தைக்க வேண்டுமென்று வந்திருந்தார். கொஞ்சம் பூசின உடம்பு. தையல்காரி இஞ்ச் டேப்பை அவர் இடுப்பைச் சுற்றிக் கொண்டுவந்து சேர்த்த நேரத்தில், மேசையில் இருந்த டேப்லெட் ஒரு பெண் குரலில் கத்தியது: "தொப்பை குறையணுமா? ஏழே நாள்!"

டீச்சரம்மா திரும்பிப் பார்த்தார்.

"ஐயோ, நான் இல்லீங்க டீச்சர். டேப்பு பேசுது."

டீச்சரம்மா தன் இடுப்பைச் சுற்றியிருந்த டேப்பைப் பார்த்தார்.

"இது இல்லீங்க, அது!"

"உங்களுக்கும் தெரியும், உங்க டேப்புக்கும் தெரியும், ஊருக்கும் தெரியட்டும்னு விட்டுட்டீங்களா?" என்றார் டீச்சரம்மா. பிறகு பையை எடுத்துக்கொண்டு, "புதன்கிழமை நாப்பத்துமூணு சட்டையும் கைக்கு வரணும். ஒண்ணு குறைஞ்சாலும் அடுத்த வருஷம் வேற ஆளைப் பார்த்துக்கறேன்" என்று போய்விட்டார்.

அவர் படி இறங்கும்வரை காத்திருந்து தையல்காரி உள்ளே ஓடினாள்.

"என்னங்க பண்ணி வச்சிருக்கீங்க? படம் பார்க்கத் திறந்தா விளம்பரம். மூடினா விளம்பரம். காலையில ஒரு பிள்ளையோட தோள் அளவைப் பார்க்கப் போனேன், மூணு தடவை செருப்பு வாங்கச் சொல்லுது."

"தெரியும். பொறுமையா இரு. இதுக்கு ஒரே வழிதான். எல்லாத்தையும் துடைச்சுட்டுப் புதுசா ஆரம்பிக்கணும்."

"எல்லாத்தையும்னா?"

"எல்லாம்னா எல்லாம்தான். கடையில வாங்கின அன்னிக்கு எப்படி இருந்துதோ அப்படி."

"என் நாப்பத்துமூணு பிள்ளைங்க உள்ள இருக்காங்க!"

"அவங்களை என் போனுக்கு மாத்திட்டாப் போச்சு."

"உங்க போனுக்குள்ள போனது எது இதுவரைக்கும் திரும்பி வந்திருக்கு? நம்ம கல்யாணப் படமே இன்னும் தேடிக்கிட்டுத்தானே இருக்கீங்க?"

அவர் டேப்லெட்டை எடுத்து மடியில் வைத்தார். விரலை நீட்டினார். 'அனைத்தையும் அழிக்கவா?' என்று கேட்டது டேப்லெட். அந்தக் கேள்வியைப் படித்தவள் அவள் ஒருத்திதான். அவர் படிக்கவில்லை, 'சரி' எங்கே இருக்கிறது என்று தேடிக்கொண்டிருந்தார்.

அந்த நேரத்தில் அவர் போன் அடித்தது. ஏதோ கட்டடத்தில் மூன்றாம் மாடிக்கும் நாலாம் மாடிக்கும் நடுவே லிஃப்ட் நின்றுவிட்டது. உள்ளே ஐந்து பேர். மெக்கானிக் ஸ்பேனர் பையைத் தூக்கிக்கொண்டு பாய்ந்தார். வாசலில் நின்று, "தொடாதே. வந்து நானே துடைக்கறேன்" என்று ஆணையிட்டுவிட்டுப் போனார். அந்த ஐந்து பேர் யாரோ, நன்றாக இருக்கட்டும்.

தையல்காரி கதவைத் தாழிட்டாள். டேப்லெட்டை மேசையில் வைத்து எதிரே உட்கார்ந்தாள். தம்பிக்குப் போன் போட்டாள்.

"டேய், எனக்கு ஒண்ணும் தெரியாது. மெதுவா சொல்லு. ஒண்ணைச் செஞ்சு முடிச்சுட்டுச் சொல்றேன், அப்புறம் அடுத்ததைச் சொல்லு."

"அக்கா, நீயா? உனக்கு வருமா?"

"சட்டையில தோளை மூட்டாம யாராவது கை வைப்பாங்களா? வரிசைதானே? எனக்கு வரிசை தெரியும்."

முதலில் அந்த ஐந்தாவதைப் பிடுங்கி எறிந்தாள். விளம்பரம் நின்றது. பிறகு அவர் ஏற்றிய இரண்டையும் நீக்கினாள். ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று புதிதாக ஏற்றினாள். ஒவ்வொரு வரியையும் விரல் வைத்து, உதடு அசையப் படித்தாள். அவர் 'சரி' என்று அழுத்திவிட்டுத்தான் என்ன கேட்டது என்று யோசிப்பார். இவள் இரண்டு தடவை படித்துவிட்டு ஒரு தடவை அழுத்தினாள். டேப்லெட்டை அணைத்து மறுபடி போட்டாள். பெரிய கடை வந்து நின்றது. அதற்குள் லாரியும் இருந்தது. பதினாறு சக்கரம். அவளே எண்ணிப் பார்த்தாள். கண் தெரிந்தவரை எட்டு. மறுபக்கம் எட்டு இருக்கும்தானே.

நாற்பத்துமூன்று பிள்ளைகளும் சிலேட்டைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றார்கள்.

அப்போது அவளுக்கு ஒரு பெருமை வந்தது. கூடவே ஒரு பயமும் வந்தது. லாரி கிடைக்காதவரை அவர் டேப்லெட்டை நோண்டுவார். கிடைத்துவிட்டால் கீழேயே வைக்க மாட்டார். பெரிய கடை வந்தது தெரிந்தால் லாரிக்கு அடுத்து ரயில், ரயிலுக்கு அடுத்து கப்பல். இடம் போதவில்லை என்று டேப்லெட் சொன்னால், 'சரி' என்று ஒரு அழுத்து. பிள்ளைகள் அத்தனை பேரும் போய்விடுவார்கள்.

செட்டிங்ஸை மேலிருந்து கீழ்வரை படித்துக்கொண்டே வந்தாள். யாரும் அதுவரை போயிருக்க மாட்டார்கள். கடைசிக்கு முந்தின வரியில் 'குழந்தைகள் பகுதி' என்று இருந்தது. திறந்தாள். அதில் இருக்கும் பிள்ளைக்குப் பெற்றவர் காட்டுவது மட்டும்தான் கண்ணில் படும். எதையும் ஏற்ற முடியாது. எதையும் அழிக்க முடியாது. ஒரு நாளைக்கு இவ்வளவு நேரம் என்று வரம்பு வைக்கலாம். ரகசிய எண் இல்லாமல் வெளியே வர முடியாது. குழந்தையின் வயது என்ன என்று கேட்டது. அவள் வெகுநேரம் யோசித்தாள்.

சாயங்காலம் மெக்கானிக் ஐந்து பேரை மீட்ட பெருமையோடு வந்தார். டேப்லெட்டைத் திறந்தவர் அப்படியே நின்றுவிட்டார். திரை நடுவே லாரி. வேறு எதுவும் இல்லை.

"ஏய்! வந்துடுச்சு!"

"அப்படியா? நீங்க ஏத்தினதுதான் ஊற நேரம் ஆச்சு போல" என்றாள் அவள், ஊசியில் நூல் கோத்தபடி.

"பார்த்தியா? துடைக்கவே தேவையில்லை. என் கை பட்டா எதுவும் கொஞ்ச நேரத்துல வழிக்கு வரும். விளம்பரமும் போச்சு. இடத்தைக்கூட எவ்வளவு சுத்தமா ஆக்கி வச்சிருக்கேன் பாரு."

"ஆமாங்க. எனக்கு இதெல்லாம் எங்க தெரியும்?"

அன்றும் மறுநாளும் கட்டடம் கட்டடமாக வேலை வந்ததால் அவருக்கு உட்கார நேரமில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மச்சான் வந்தார். மெக்கானிக் குளித்து, இஸ்திரி போட்ட சட்டை அணிந்து, சோபாவின் நடுவில் உட்கார்ந்து லாரியைக் கிளப்பினார். மச்சான் பக்கத்தில் ஒடுங்கி உட்கார்ந்தார். அவருக்கு உண்மை தெரியும். வாயைத் திறப்பதில்லை என்று அக்காவுக்குச் சத்தியம் செய்து கொடுத்திருந்தார். தையல்காரி காலர் ஒன்றைத் திருப்பிக்கொண்டே சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். தம்பி எதிரில் அவமானப்படுவாரே என்று ஒரு மனம். படட்டுமே என்று இன்னொரு மனம்.

"பார்த்துக்கோ மச்சான். இதுதான் கொண்டை ஊசி வளைவு. இங்கதான் நீ பள்ளத்துல விழுந்தே. நான் எப்படி எடுக்கறேன் பாரு..."

சரியாக ஒரு மணி நேரம் ஆயிற்று. லாரி வளைவின் பாதியில் நின்றது. திரையில் ஒரு கரடிக்குட்டி வந்து கொட்டாவி விட்டது.

"செல்லக்குட்டி! இன்னிக்கு விளையாடினது போதும். கண்ணை மூடிக்கிட்டு இருபது வரைக்கும் எண்ணு, பார்க்கலாம்!"

மெக்கானிக் மச்சானைப் பார்த்தார். மச்சான் கூரையைப் பார்த்தார்.

"இது... புதுசு. நீண்ட தூரம் ஓட்டற டிரைவர் நடுவுல ஓய்வெடுக்கணும்ல? உன் போன்ல இருக்கறது பழசு. அதுல இதெல்லாம் வராது."

"அப்படியா மாமா? கீழ 'இன்னும் விளையாட வேண்டுமா? அம்மாவிடம் கேள்'னு போட்டிருக்கே. அம்மாங்கிறது யாரு, லாரி ஓனரா?"

மெக்கானிக் டேப்லெட்டைத் தூக்கிக்கொண்டு முன்னறைக்கு வந்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"எத்தனை வயசு போட்ட?"

"ஒன்பது."

"ஒன்பதா!"

"அஞ்சு போடலாம்னுதான் பார்த்தேன். மலைப்பாதையில லாரி ஓட்டற ஆளாச்சே, மனசு கேக்கல."

"அந்த நம்பரைச் சொல்லிடு."

"புதன்கிழமை சட்டை போகட்டும். அப்புறம் பார்க்கலாம்."

"அவன் போறதுக்குள்ள ஒரே ஒரு வளைவு..."

"இருபது வரைக்கும் எண்ணியாச்சா?"

அவர் திரும்பிப் போய் உட்கார்ந்தார். எண்ணினாரா என்று நான் கேட்கவில்லை. உதடு அசைந்தது என்று மச்சான் சொல்கிறார். அவர் சொல்வதை முழுக்க நம்புவதற்கில்லை.

புதன்கிழமை நாற்பத்துமூன்று சட்டைகளும் போய்ச் சேர்ந்தன. டீச்சரம்மா ஒவ்வொன்றாக விரித்துப் பார்த்தார். ஒரு தோள்கூடத் தப்பவில்லை. அடுத்த வருஷமும் நீங்கதான் என்று சொல்லி, தன் மேல்சட்டைக்கு மறுபடி இடுப்பை நீட்டினார். அப்போது மேசையில் இருந்த டேப்லெட் மெல்ல ஒலித்தது. தையல்காரி பதறிப்போய் எட்டிப் பார்த்தாள். தொப்பை இல்லை. 'உங்கள் குழந்தை கூடுதல் நேரம் கேட்கிறது' என்று நினைவூட்டல் வந்திருந்தது. அதன் கீழே அதேபோல இன்னும் பதினான்கு. வேலைக்குக் கிளம்பும் முன் பல் தேய்க்கிற சாக்கில் உட்கார்ந்து அவர் அழுத்தி வைத்திருக்கிறார். படித்துப் பார்த்தாள். ஒன்பது வயதுப் பிள்ளைக்கு அப்படிக் கேட்கிற பொத்தான் உண்டாம். எட்டுக்குக் கீழே கிடையாதாம்.

டீச்சரம்மாவின் இடுப்பை எழுதி முடித்த கையோடு மெக்கானிக்கின் வயதை ஏழாகக் குறைத்துவிட்டாள்.