சீக்கிரம் எழும்பிய கம்ப்யூட்டர்

பாம்பன்,
14.6.2008

அன்பு மகன் கில்பர்ட்டுக்கு அய்யா சந்தனம் எழுதிக்கொண்டது. ஆண்டவர் கிருபையால் நானும் உன் அம்மாவும் சுகம். மஸ்கட்டில் உன் சுகத்துக்கு அந்தோணியாரிடம் தினமும் சொல்லி வைக்கிறோம். நிற்க.

நீ விட்டுப்போன கம்ப்யூட்டருக்குக் கிழடு தட்டிவிட்டது. வெள்ளிக்கிழமை நீ அதில் முகம் காட்டிப் பேசும் நேரத்துக்குப் பொத்தானை அமுக்கினால், அது கண் திறப்பதற்குள் உன் ரூமில் அடுத்தவன் பேசும் முறை வந்துவிடுகிறது. போன மாதம் முழுக்க உன்னைப் பார்க்கவில்லை. உன் அம்மா யாகப்பம்மாள் சும்மா கிடந்தாளா, மீன்படாத படகுக்குச் செய்கிற மாதிரி மந்திரித்த தண்ணீரை அதன் தலையில் தெளித்துவிட்டாள். டப்பென்று ஒரு சத்தம், அதோடு மூச்சு நின்றது. நான் கத்தினால், படகுக்குத் தெளிச்சா ஓடுதுல்ல, இதுக்கென்ன கேடு என்று என்னையே கேட்கிறாள். பெட்டியைச் சாக்கில் சுற்றி பஸ் ஏறினேன். மீன்கூடை என்று நினைத்த கண்டக்டர் பின்னால் போகச் சொன்னார். கூடையில்லையப்பா, என் மகன் இதுக்குள்ளதான் வாரான் என்றேன். ராமநாதபுரம் இறங்குகிறவரை என்னை ஒருமாதிரியாகவே பார்த்தார்.

அங்கன கம்ப்யூட்டர் கடை வைத்திருக்கும் காலிதா பொண்ணு அதைக் காயவைத்து உசுப்பிவிட்டது. "மாமா, ஆன் பண்ணுன உடனே உள்ள இருக்கிறது எல்லாம் ஒண்ணா எந்திரிக்குது, அதான் லேட்டு. வேண்டாததை எடுத்துரவா?" என்று கேட்டது. படகு கிளம்பும்போது ஊர்ச்சனமெல்லாம் ஏறி நின்றால் எப்படி நகரும்? எல்லாத்தையும் இறக்கிவிடும்மா என்று சொல்லிவிட்டேன். இப்போ தொட்டதும் வெளிச்சம் வந்துருது, வெத்தலை போடக்கூட நேரமில்லை. வருகிற வெள்ளிக்கிழமை தவறாமல் வா. உன்னைப் பார்க்காமல் சோறு இறங்கலை.

வெயிலில் தலைக்குத் துண்டு கட்டிக்கொள். மாதா உன் கூடவே நிற்பாளாக.

அய்யா
சந்தனம்

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டப்போகையில் உன் அம்மா வந்து அழுகிறாள். கிளம்பும்போது நீ பேசிப் பதிந்து வைத்தாயே, கம்ப்யூட்டர் எழும்பும்போதெல்லாம் "அம்மா, கொஞ்சம் பொறுங்க, வந்துக்கிட்டே இருக்கேன்" என்று, அதையும் சேர்த்து இறக்கிவிட்டேன். நீ பேச வராத நாளிலும் அதைக் கேட்கத்தான் அவள் பொத்தானை அமுக்கியிருக்கிறாள். அவள் சந்தைக்குப் போனபிறகு நானும்தான். நாளைக்கு மறுபடி சாக்கில் சுற்றிக்கொண்டு போறேன், எல்லாத்தையும் பழையபடி ஏத்தித் தரச் சொல்லி. இந்த வெள்ளிக்கிழமையும் உன் முகம் கிடைக்காது, போகட்டும். அது மெதுவாக என்றாலும் எந்திரிச்சு வந்துருது. நீ எப்பய்யா வாரே?