கச்சூரத்தடி இறக்கம்

குடாநாட்டில் நிற்கிற மரங்களுக்கு ஊர் ஊராகப் போய்ப் பெயர் விசாரித்த ஒரே மனிதர் எங்கள் கர்ச்சூரத்தார்தான். மனிதர்களின் பெயரை அவர் விசாரித்ததை நான் ஒருநாளும் கண்டதில்லை.

அவருக்கும் ஒரு பெயர் இருந்தது. கந்தோர்ச் சம்பளப் பட்டியலில் இருந்தது. என் நாட்குறிப்பிலும் இருக்கிறது. ஆனால் அதை இங்கே எழுதினால், அவரோடு பல வருஷம் ஒரே மேசையில் இருந்தவர்களுக்கே ஆள் விளங்காது. கர்ச்சூரத்தார் என்றால் வாசலில் நிற்கிற காவலாளிக்கும் விளங்கும்.

கர்ச்சூரம் என்பது பேரீச்சமரம். வடமொழியிலிருந்து தமிழுக்கு வந்து, வந்த இடத்தில் தன்னோடு கதைக்க ஆளில்லாமல் மூலையில் குந்தியிருந்த சொல். பழைய வைத்திய ஏடுகளில் எப்போதாவது தலைகாட்டும். வடமொழி அகராதியைப் புரட்டினால் அதே சொல்லுக்குத் தேள் என்றும் வெள்ளி என்றும்கூடப் பொருள் போட்டிருக்கும் என்பார்.

"பாரும், ஒரு சொல்லுக்குள்ளை ஒரு மரம், ஒரு தேள், கொஞ்சம் வெள்ளி. ஒருத்தரும் எட்டிப் பாக்கினமில்லை" என்று, பூட்டிக் கிடக்கிற வீட்டைப் பற்றிச் சொல்கிற மாதிரிச் சொல்வார்.

கொழும்பில் சில அறிஞர்கள் கூடி ஓர் அகராதி தொகுத்துக்கொண்டிருந்தார்கள். 'அ'வில் தொடங்கி 'க'வுக்கு வர அவர்களுக்குப் பதினாறு வருஷம் பிடித்தது. கர்ச்சூரம் என்ற சொல்லுக்குப் பக்கத்தில் 'வழக்கிறந்தது' என்று போடப் போவதாக அவர்கள் எழுதிய கடிதத்தை, வீட்டில் ஒருவர் சாகக் கிடக்கிறார் என்ற தந்தியைப் போல அவர் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு திரிந்தார். அந்தச் சொல்லைக் காப்பாற்ற ஒரு வழிதான் இருந்தது. ஊரில் ஒரு வாயாவது, யாரும் சொல்லிக் கொடுக்காமல், தானாக அதைச் சொல்லவேண்டும். 'தானாக' என்ற இடத்தில் அவர்கள் கோடு போட்டிருந்தார்கள். சான்றை எழுதி அனுப்ப ஒரு படிவமும், தங்கள் வேகத்துக்கு ஏற்றபடி பல வருஷத் தவணையும் தந்திருந்தார்கள்.

அந்த ஒரு வாயைத் தேடித்தான் ஞாயிற்றுக்கிழமைகளில் சைக்கிளில் புறப்படுவார். அவருடைய விதிகள் கடுமையானவை. தேடுகிற சொல்லைத் தான் வாய்விட்டுச் சொல்லக்கூடாது. மரத்தைக் காட்டி, "உந்த மரத்துக்கு என்ன பேர்?" என்று மட்டும் கேட்கவேண்டும். வந்த பதிலை நாள், நேரம், வெயிலா மழையா என்ற விபரத்தோடு ஒரு துண்டில் எழுதவேண்டும். துண்டுகள் நனையாமல் இருக்க, அவற்றை மடித்த குடைக்குள் சொருகிக் கயிற்றால் கட்டி வைத்திருப்பார். இதனால் குடாநாட்டில் குடையும் கையுமாக நனைந்துகொண்டு போகிற ஒரே ஆளும் அவர்தான்.

"விரியுங்கோவன் அண்ணை" என்றால், "நான் நனைஞ்சால் காய்வன். துண்டு நனைஞ்சால்?" என்பார்.

அவருக்குக் கர்ச்சூரத்தார் என்ற பட்டம் விழுந்ததும் ஒரு துண்டால்தான். ஒருநாள் தலைமைக் கிளாக்கர் கூப்பிட்டார்.

"இதென்ன காணும், பென்சன் பைலுக்குள்ளை ஒரு துண்டு? 'சாவகச்சேரி, சந்தைப் பக்கம், நல்ல வெயில். பேரீச்சை எண்டார். கர்ச்சூரம் இல்லை.' ஆரிது?"

"அது வேறை விசாரணை, ஐயா."

"ஆரை விசாரிக்கிறீர்?"

"மரத்தை."

அன்று பின்னேரம் கந்தோர் விடும்போதே பட்டம் வாசலைத் தாண்டிவிட்டது. அவர் கோபிக்கவில்லை. ஓர் ஆளை அந்தச் சொல்லால் பட்டமாக அழைப்பது சொல் வழக்கில் இருப்பதற்குச் சான்றாகுமா என்று கொழும்புக்கு எழுதிக் கேட்டார். ஆட்பெயர் கணக்கில் சேராது என்று பதில் வந்தது.

பெண் பார்க்கப் போன கதையையும் சொல்லவேண்டும். மணப்பெண் வீட்டு முற்றத்தில், கெடுகாலத்துக்கு, ஒரு பேரீச்சை நின்றது. பெண் தேத்தண்ணித் தட்டோடு வந்து நின்ற நேரம் இவர் யன்னலால் வெளியே பார்த்துக்கொண்டிருந்தாராம்.

"உந்த மரத்துக்கு என்ன பேர் சொல்லுவியள்?"

பெண்ணின் தகப்பன், "பேரீச்சை, தம்பி. பூக்கும், காய்க்காது" என்றார்.

இவர் பெருமூச்சு விட்டுக் குடையை அவிழ்த்துத் துண்டை எடுத்து எழுதினார். வளவின் பெறுமதியைக் குறிக்கிறார் என்று அவர்கள் நினைத்துவிட்டார்கள். பெண்ணின் தமையன் படலைவரை வந்து, "மரத்தைச் சீதனமாகக் கிண்டித் தரட்டோ, இல்லைப் பிறகு வந்து ஏத்துவியளோ?" என்று கேட்டு வழியனுப்பினான். அந்தத் துண்டை நான் பார்த்திருக்கிறேன். நாள், நேரம், இளவெயில் எல்லாம் இருக்கிறது. பெண்ணைப் பற்றி ஒரு சொல் இல்லை.

கந்தோர்ப் பொடியளும் சும்மா இருக்கவில்லை. ஒருமுறை சந்தையில் மூட்டை தூக்கும் ஐந்து பேருக்குத் தேத்தண்ணி வாங்கிக் கொடுத்துப் பழக்கி வைத்தார்கள். இவர் மரம் ஒன்றைக் காட்டி வாய் திறக்க முதலே ஐந்து பேரும் தேவாரம் மாதிரி ஒரே குரலில் "கர்ச்சூரம், ஐயா" என்றார்கள். இவர் ஐந்து முகத்தையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"சொல்லு சரி. வாய்தான் கூலிக்கு வந்தது" என்று சொல்லிச் சைக்கிளில் ஏறினார்.

நாங்கள் யாழ்ப்பாணம் பஸ் நிலையத்துக்குக் கிட்ட ஒரு மேல்மாடி விடுதியில் அடுத்தடுத்த அறைகளில் இருந்தோம். வெள்ளி பின்னேரம் எல்லோரும் ஊருக்குப் போய்விடுவார்கள். அவரும் நானும் மிஞ்சுவோம். நான் மிஞ்சியதற்கு எனக்கும் காரணங்கள் இருந்தன. அவை இந்தக் கட்டுரைக்கு வேண்டாதவை. ஞாயிறு பின்னேரம் திரும்பி வந்து, கட்டிலில் துண்டுகளைப் பரப்பி ஒவ்வொன்றாக வாசிப்பார். மற்றவர்கள் வீட்டுக் கடிதத்தை மறுபடி மறுபடி வாசிப்பார்களே, அந்தக் குரலில். எல்லாத் துண்டிலும் இல்லை என்றுதான் எழுதியிருக்கும்.

கொழும்புக்காரர் கொடுத்த தவணை முடிய ஒரு மாதம் இருக்கும்போது அது நடந்தது. என் குறிப்பின்படி ஒரு சனிக்கிழமை காலை, ஒன்பது மணி தாண்டவில்லை. கந்தோர் நண்பர் ஒருவரின் வீடு குடிபூரலுக்காகப் பண்டத்தரிப்புப் பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தோம். கொண்டக்டர் பின்னுக்கிருந்து சத்தம் வைத்தார்.

"கச்சூரத்தடி இறக்கம் இருக்கோ?"

கர்ச்சூரத்தார் எழும்பிய வேகத்தில் மேல் கம்பியில் தலையை இடித்துக்கொண்டார்.

"என்ன சொன்னனீர்?"

"கச்சூரத்தடி. இறங்கப் போறியளோ?"

"ஆர் உமக்குச் சொல்லித் தந்தது? என்னைத் தெரியுமோ உமக்கு?"

"உங்களை நான் ஏன் தெரிய வேணும்? இறக்கத்தின்ரை பேர் அதுதான். ஆலடி, புளியடி, கச்சூரத்தடி. நான் வேலைக்கு வர முந்தியே உப்பிடித்தான். இறங்கிறதெண்டால் இறங்குங்கோ. பஸ்ஸை நிப்பாட்டி வைச்சு வழக்காடாதேங்கோ."

இறங்கினோம். பஸ் போன புழுதி அடங்கும்வரை அவர் நடுத்தெருவில் நின்றார். கைக்குட்டையை எடுத்து மூக்கைத் துடைத்தார்.

"'ர்' தேய்ஞ்சு போச்சு, கவனிச்சீரோ? கர்ச்சூரம் கச்சூரமாப் போச்சு. ஒரு மெய்யெழுத்துத் தேயிறதெண்டால் சும்மாவே? இருநூறு வருஷமாவது வேணும். இருநூறு வருஷமா இது இஞ்சை உயிரோடை இருந்திருக்கு, நான் சாவகச்சேரியிலை தேடியிருக்கிறன்."

தெருவோரம் ஒற்றைப் பேரீச்சமரம் நின்றது. அதன் கீழ் ஒரு மனுசி மீன் கடகத்தோடு இருந்தார். மாதகல் கரையிலிருந்து காலை பஸ்ஸில் மீன் கொண்டுவந்து விற்கிறவர். பெயர் திரேசம்மா என்று பிறகு அறிந்தேன். கர்ச்சூரத்தார் குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு முன்னால் போய் நின்றார்.

"உந்த மரத்துக்கு என்ன பேர்?"

"கச்சூரம்" என்றார் அவர், வெற்றிலையை மறு கன்னத்துக்கு மாற்றியபடி. "விளைமீன் கிடக்கு, தரட்டோ?"

இவர் எழுதினார். நாள், நேரம், மெல்லிய வெயில். எழுதி முடிய, கொழும்புப் படிவத்தின் கடைசிக் கேள்வியைக் கேட்டார்.

"உந்தப் பேரை ஆரிட்டைக் கேட்டு அறிஞ்சனீங்கள்? தாய் தேப்பனிட்டையோ?"

"அவைக்குக் கடலிலை கிடக்கிறதுகளுக்குத்தான் பேர் தெரியும், ஐயா. இது ஒரு ஆள் சொல்லித் தந்தது."

"எந்த ஆள்?"

"நான் கலியாணம் முடிச்ச புதுசு. இந்த இடத்திலை முதன்முதல் கடகம் இறக்கின மாரி. சரியான மழை. சைக்கிளிலை வந்த ஒரு ஐயா மரத்துக்குக் கீழை ஒதுங்கினவர். கையிலை குடை, விரிக்கேல்லை. இது என்ன மரம் எண்டு கேட்டார். மரந்தான் எண்டன். பிறகு அவர்தான் பேரைச் சொன்னவர். தேள் எண்டார், வெள்ளி எண்டார், கனக்கக் கதைச்சார். மழை விடுமட்டும் கதைச்சவர். மீன் விலை கேக்காமல் என்னோடை அவ்வளவு நேரம் கதைச்சது அவர் ஒருத்தர்தான். அதாலை பேர் மறக்கேல்லை. பஸ்ஸிலை ரிக்கற் எடுக்கேக்கை அப்பிடித்தான் சொல்லுறனான். கொண்டக்டர்மாரும் பழகிப் போச்சினம்."

நான் அவருடைய கக்கத்துக் குடையைப் பார்த்தேன். அவர் அதை மெல்ல முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார். இருநூறு வருஷத்துத் தேய்வு திரேசம்மாவின் கன்னத்தில் வெற்றிலையாக ஒதுங்கியிருந்தது.

குடிபூரலில் அவர் பந்தியில் இருந்து எழும்பினார். என்ன சாப்பிட்டார் என்று கேட்டிருந்தால் சொல்லத் தெரிந்திராது. பின்னேரம் விடுதிக்கு வந்ததும் கட்டிலுக்குக் கீழிருந்த தகரப்பெட்டியின் அடியில் கிடந்த முதலாம் துண்டை எடுத்தார். ஐம்பத்தெட்டாம் ஆண்டு மாரியில் எழுதியது. 'அடைமழை. மீன் விற்கும் பெண். "மரந்தான்" என்றாள். பயனில்லை.'

"சொல்லக்கூடாது எண்ட விதி எப்ப வந்தது, அண்ணை?"

"இரண்டாம் துண்டிலை."

"அப்ப முதலாம் துண்டிலை..."

"சொல்லியிருப்பன். தனிய நிண்டனான். மழை வேறை" என்றார்.

நான் மனதில் பட்டதைச் சொன்னேன். "அந்த மனுசியும் கொண்டக்டரும் உங்களிட்டைக் கேட்டுக் கதைக்கேல்லை. தாங்களாத்தான் கதைச்சவை. இண்டைய துண்டை அப்பிடியே அனுப்புங்கோ. கடைசிக் கேள்விக்கு 'அயலவர்' எண்டு போடுங்கோ. ஆருக்குத் தெரியப் போகுது?"

"எனக்குத் தெரியும்" என்றார்.

திங்கட்கிழமை அனுப்பினார். 'கேட்டறிந்த மூலம்' என்ற இடத்தில் 'இதை எழுதுபவர்' என்று அழகான கையெழுத்தில் எழுதியிருந்தார். மூன்று கிழமையில் பதில் வந்தது. நேர்மைக்கு நன்றி தெரிவித்திருந்தார்கள். சான்று ஏற்கப்படவில்லை. கர்ச்சூரம் வழக்கிறந்தது.

அவர் கடிதத்தை இரண்டாக மடித்தார். பின்பக்கம் வெறுமையாக இருக்கிறதா என்று பார்த்தார். பிறகு துண்டு வெட்டத் தேவையில்லை என்று நினைவு வந்ததுபோல மேசையில் வைத்துவிட்டார்.

அடுத்த சனி காலை குடையோடு புறப்பட்டார். திரும்பி வரும்போது பூவரசம் இலையில் சுற்றிய நாலு பாரைக்குஞ்சு கையில் இருந்தது. அவர் பிறவிச் சைவம். முட்டை கண்டாலே வேறு மேசைக்கு மாறுகிறவர். பூனையைத் தூக்குகிற மாதிரி இரண்டு விரலால் தூக்கிவந்து என் கதவைத் தட்டினார்.

"நீர் தின்னுவீரல்லோ?"

ஆறு வருஷம் சனிக்கிழமைகளில் நான் மீன் தின்றேன். அங்கே போய் என்ன கதைப்பீர்கள் என்று ஒருமுறை கேட்டேன். "ஒண்டுமில்லை. விலை கேப்பன்" என்றார். மரத்தின் பெயரை அதற்குப் பிறகு அவர் ஒருவரிடமும் கேட்கவில்லை. அன்றைக்கு ஒதுங்கின ஐயா தான்தான் என்று திரேசம்மாவிடம் சொல்லவுமில்லை. சொன்னால் அந்த மனுசிக்கு வெட்கமாகப் போய்விடும் என்றார்.

ஒரு மார்கழியில் நெஞ்சில் சளி கட்டி ஆசுபத்திரியில் படுத்தார். எட்டாம் நாள் முடிந்துவிட்டது. செத்தவீட்டுக்குக் கந்தோரிலிருந்து பதினொரு பேர் வந்தோம். உறவென்று வந்தவர், தூரத்து மருமகன் ஒருவர், தகரப்பெட்டியைக் கேட்டார்; திறந்து பார்த்துவிட்டு வேண்டாம் என்றார். குடை என்னிடம் வந்தது.

அடுத்த சனிக்கிழமை, திரேசம்மாவுக்குச் செய்தி சொல்லவேண்டும் என்று போனேன். வாய் திறக்க முதலே அவர் கேட்டார்.

"கச்சூரத்து ஐயாவை எங்கை, இரண்டு கிழமையாக் காணேல்லை?"

நான் திடுக்கிட்டுப் போனேன். "அந்த ஐயா இவர்தான் எண்டு உங்களுக்குத் தெரியுமோ?"

"விரிக்காத குடையோடை இந்த நாட்டிலை எத்தினை பேர் திரியினம், தம்பி? அண்டைக்குப் பஸ்ஸாலை இறங்கேக்கையே தெரியும்."

"பிறகேன் அண்டைக்குச் சொல்லேல்லை?"

"அவருக்கு என்னை நினைவில்லை எண்டு கண்டன். மறந்துபோன ஆளுக்கு நாங்களாப் போய் நினைப்பூட்டிறதே? பிறகு கிழமைக்குக் கிழமை வரத் தொடங்கினவர். சொன்னால் வெக்கப்பட்டு வராமல் விட்டிடுவார் எண்டு விட்டிட்டன்." அவர் கடகத்திலிருந்து நாலு பாரைக்குஞ்சைத் தெரிந்து பூவரசம் இலையில் சுற்றினார். "காய்ச்சலோ அவருக்கு? இதைக் குடுங்கோ. தின்னமாட்டார், அவர் பிடிக்கிற பிடியிலை தெரியும். எண்டாலும் குடுங்கோ."

சொல்லத்தான் போனேன். மீனை வாங்கிக்கொண்டு பஸ் ஏறினேன்.

மறு கிழமை போய்ச் சொன்னேன். போகிற பஸ்ஸில் கொண்டக்டர், எங்கே இறக்கம் என்று கேட்டபோது, "கச்சூரத்தடிக்கு ஒண்டு" என்று தானாக என் வாயில் வந்தது. அன்று பின்னேரம் ஒரு துண்டு வெட்டி, நாள், நேரம், தூறல் என்று எழுதினேன். அவருடைய விதிப்படி அது செல்லாது. அவர் பழக்கிவிட்ட வாய்தானே என்னுடையது. இருந்தாலும் அதைக் குடைக்குள் சொருகிக் கயிறு கட்டி வைத்திருக்கிறேன். மழை வந்தால் நானும் இப்போது நனைந்துகொண்டுதான் போகிறேன்.