நூற்றோராவது சுற்று

சங்கரன்கோவில்
ஆடி மாதம், 1979

மரியாதைக்குரிய அத்தான் சங்கரசுப்பு அவர்களுக்கு, உச்சிமாகாளி வணக்கமாய் எழுதுவது. கோமதியம்மன் கிருபையால் இங்கே என் கால்கள் இரண்டைத் தவிர யாவரும் சுகம். அவ்விடம் அக்காவும் பிள்ளைகளும் சுகந்தானே.

நீங்கள் சொல்லிவிட்ட சிவகிரி மாப்பிள்ளை வீட்டார் வெள்ளிக்கிழமை வந்தார்கள். என் மகள் மாரித்தாய் டெலிபோன் ஆபீசில் ஆபரேட்டர் என்றதும் மாப்பிள்ளையின் அம்மா காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டார். "நாள்பூரா மொகந்தெரியாத ஆம்பளைககிட்ட ஹலோ ஹலோன்னு பேசுதவளா? வேலையை விட்டுட்டுத்தான் வரணும்" என்றவர், அடுத்த மூச்சில், "கல்யாணப் பத்திரிகையில மட்டும் பி.ஏ., டெலிபோன் ஆபீஸ்னு போட்டுருங்க, எங்களுக்கும் கௌரவம்லா" என்றார். நான் தலையாட்டினேன். பெண்ணைப் பெற்றவனுக்குத் தலை இருப்பதே அதற்குத்தானே. அன்றைக்கே ராஜினாமா எழுதச் சொன்னேன். மாரித்தாய் எழுதித் தந்து, "கொண்டுபோய்க் குடுக்கது நீங்கதான்" என்றாள்.

அதோடு நின்றேனா? இந்த இடம் கூடிவர, ஆடித்தபசுக்கு மகள் கோவிலை நூற்றொரு சுற்றுச் சுற்றுவாள் என்று நேர்ந்துகொண்டேன். அம்மனே ஒற்றைக் காலில் தபசு நின்ற ஊரில் இவள் இரண்டு காலால் நடக்க மாட்டாளா என்ற நினைப்பு. அவளோ, "நேர்ந்தது யாரு? நீங்களே சுத்துங்கப்பா. ராஜினாமா குடுக்க வரைக்கும் எனக்கு டியூட்டி உண்டும்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். நம் குடும்பத்தில் ஒரு பெண்பிள்ளை இப்படிப் பேசிக் கேட்டதுண்டா? ஆதரவுக்கு உங்கள் தங்கையைப் பார்த்தேன். அவள் என் வேட்டியை எடுத்து நீட்டினாள்.

சாமி கடனை வைக்கலாகாதே, சுற்றினேன். முப்பதாவது சுற்றில் துரைப்பாண்டி அண்ணாச்சி கடைவாசலில் நின்று, "என்ன வே, உமக்கா மாப்பிள்ளை பாக்கீரு?" என்றார். தெருவே சிரித்தது. கூடச் சுற்றியவர்கள் எல்லாம் பொம்பளைகள். பேச்சுத்துணைக்கு வேண்டுதலைக் கேட்டேன். ஒருத்தி புருஷன் குடியை விட வேண்டும் என்றாள், ஒருத்தி மகன் பாஸாக வேண்டும் என்றாள், இன்னொருத்தி மாமியாருக்குக் கண் தெரிய வேண்டும் என்றாள். தனக்காகச் சுற்றியவள் ஒருத்திகூட இல்லை.

அது கிடக்கட்டும். நாளைக் காலை ராஜினாமாவைக் கொடுத்துவிடுவேன். சிவகிரியாரை நாள் குறிக்கச் சொல்லுங்கள். அக்காவை விழுந்து கும்பிடுகிறேன். குனிய முடியவில்லை, விழுந்ததாக வைத்துக்கொள்ளச் சொல்லவும்.

இப்படிக்கு,
உச்சிமாகாளி

பின்குறிப்பு: கால் தாங்காமல் ஒரு சுற்றைப் பாக்கி வைத்துவிட்டுத்தான் இதை எழுதினேன். இப்போதுதான் முடித்துவிட்டு வந்தேன். நூறும் சிவகிரிக்காகச் சுற்றியது, கடைசி ஒன்று என் மகளுக்காக. ராஜினாமாவை நானே கிழித்துவிட்டேன். நாள் குறிக்க வேண்டாம். இந்தப் பெண்தான் வேண்டும் என்றால் மாப்பிள்ளையை வந்து சுற்றச் சொல்லுங்கள்.