கோபுரம் முன்னதா, கூடம் முன்னதா?

பழைய கட்டடத்தைக் கண்டால் வண்டியை நிறுத்தச் சொல்லும் ஓர் இனம் நம்மிடையே உலவுகிறது, வாசகர்களே! மற்றபடி ஆள் பரம சாது. ஆனால் கருங்கல் சுவர் ஒன்று கண்ணில் பட்டால் போதும், கைகளைப் பின்னால் கட்டிக்கொள்வார், அண்ணாந்து பார்ப்பார், ‘ச்ச்’ என்று நாக்கைத் தட்டுவார், சுவரை இரண்டு விரலால் சுண்டிப் பார்த்து, “அந்தக் காலத்துச் சுண்ணாம்பு!” என்று கண் கலங்குவார். சொந்த வீட்டுக் குளியலறை ஆறு மாதமாக ஒழுகுவது அவருக்குத் தெரியாது. அது வெறும் சிமெண்ட் அல்லவா?

தெலுங்குச் சீமையில், போலாரத்தில் இருக்கும் வேதவல்லிக்கு வாய்த்த சந்தானம் இந்த இனத்தில் முதல் தரம். கல்யாணமான புதிதில் மனைவியை அவர் ஆசையாக அழைத்துப்போன இடம் வெள்ளைக்காரர் கல்லறைத் தோட்டம். அந்தப் பேதை மல்லிகைப்பூ வேறு வைத்துக்கொண்டு போனாள்!

எல்லாவற்றையும் பொறுத்தவள், மகள் ஹம்ஸினியின் நிச்சயதார்த்தத்தன்று பொறுமையின் எல்லைக்கே வந்துவிட்டாள். மேட்சலைத் தாண்டி ஒரு தோட்ட வீட்டில் ஏற்பாடு. சடங்கு நடத்தும் வாத்தியார் அங்கே காத்திருக்கிறார். ராகு காலம் பிறப்பதற்குள் தட்டு மாற்றியாக வேண்டும். விட்டால் மறுநாள் ஆடி. பிள்ளையின் அம்மா கல்பகமோ, தள்ளிப்போன நிச்சயம் தட்டிப்போன நிச்சயம் என்று நம்புகிறவள். இரு குடும்பமும் ஒரே வேனில் போகும்போது, சோளக்கொல்லை நடுவே ஒரு பழைய சர்ச்சின் மணிக்கோபுரம் எழுந்தது.

“நிறுத்துப்பா! ரெண்டே நிமிஷம்!”

அந்தத் தோட்ட வீட்டுக்கு அவர் ஏன் ஒற்றைக்காலில் நின்றார் என்பது வேதவல்லிக்கு அப்போதுதான் விளங்கியது. பாவி மனுஷன்!

சந்தானம் ஆரம்பித்தார். வெயிலுக்குப் பயந்த வெள்ளைக்காரப் படை அதிகாரி மூன்று முழத் தடிமனில் சுவர் எழுப்பியதையும், காற்று வர ஜன்னலை உயர வைத்ததையும், தன் ஊர் ஞாபகத்தில் வளைவுகளுக்கெல்லாம் கூர்முனை கொடுத்ததையும், பக்கத்திலிருந்து சாந்து குழைத்தவர் போல வர்ணித்து, “கோபுரமும் கூடமும் ஒரே கை, ஒரே வருஷம்!” என்று முடித்தார்.

பிள்ளையின் அப்பா ராமசுவாமியின் கைகள் மெல்லப் பின்னால் போயின. ‘ச்ச்’ என்றார்.

வேதவல்லி நெற்றியில் அடித்துக்கொண்டாள். ஐயோ, இவருமா!

“மன்னிக்கணும். கோபுரம் பின்னாடி ஒட்ட வெச்சது. சேர்ற இடத்துல கோடு தெரியறது பாருங்கோ. ஒண்ணா கட்டியிருந்தா கல்லு ஒண்ணை ஒண்ணு கடிச்சிண்டிருக்கும்.”

“அது மழையில விட்ட வெடிப்பு.”

“மழை என்ன, ஸ்கேல் வெச்சா வெடிக்கும்?”

“முப்பது வருஷமா இந்தச் சுவரைப் பார்க்கறேன், ஓய்!”

“பார்த்தா ஆச்சா? தெரிய வேண்டாமா?”

“டாடி, நக்கோ! வேண்டாம், ப்ளீஸ்!” என்று ஹம்ஸினி கெஞ்சினாள். மாப்பிள்ளை அனிருத் தன் அப்பாவின் கையைப் பிடித்து இழுத்தான். போனில் வாத்தியார் அலறினார்: “மாமி, எங்க இருக்கேள்? ராகு காலம் நெருங்கறது!”

“கோட்டுக்கும் வெடிப்புக்கும் வித்தியாசம் தெரியாத இடத்துல சம்பந்தம் பண்றதுன்னா…” என்று ராமசுவாமி இழுத்தார். ஒரு கன்னிப்பெண்ணின் வாழ்வு கோபுரத்துக்கும் கூடத்துக்கும் நடுவே ஊசலாடியது!

வேதவல்லி அழவில்லை. வேனிலிருந்து தட்டுகளை எடுத்துக்கொண்டு கல்பகத்திடம் போனாள். “மாமி, உங்காத்துலயும் இதே கூத்துதானா?”

“ஏன் கேக்கறேள்? தேனிலவுக்கே இடிஞ்ச கோட்டைதான். மூணு நாளும் அகழியைச் சுத்தினோம்.”

இரண்டு பெண்களும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்தப் பார்வைக்கு முன் ஆடியாவது, அமாவாசையாவது!

சத்தம் கேட்டு வந்த பாஸ்டர், “ரண்டம்மா, லோபல கூர்ச்சோண்டி” என்று தெலுங்கில் உள்ளே வந்து உட்காரச் சொல்லி, முன்வரிசை பெஞ்சைத் துடைத்துக்கொடுத்தார். போனை ஸ்பீக்கரில் போட்டார்கள். வாத்தியார் லக்னப் பத்திரிகை வாசித்தார். மூன்று முழச் சுவருக்குள் தட்டு மாறியது. தன் பங்குக்கு ஏதாவது சொல்ல வேண்டுமே என்று பாஸ்டர் கணீரென்று, “ஆமென்!” என்றார்.

“யாரு மாமி அது?” என்றார் வாத்தியார்.

“பெரியவா ஆசீர்வாதம்.”

ஹம்ஸினி புதுப் புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, இரண்டு அப்பாக்களும் இன்னும் வாதாடிக்கொண்டிருந்த கோபுரத்தின் பின்பக்கம் ஓடினாள். “டாடி, அங்கிள், வாங்க! எல்லாம் முடிஞ்சுடுத்து!”

“என்ன முடிஞ்சுது?” என்றார்கள் இருவரும் ஒரே குரலில். “இன்னும் அஸ்திவாரமே பார்க்கலையே!”

சிரிக்கிறீர்களா? நல்லது. ஆனால் ஒன்று கேட்கிறேன். அந்தப் பெண் கெஞ்சி நின்ற நேரத்தில் அவளுக்காகவா தவித்தீர்கள்? கோபுரம் பின்னால் ஒட்டியதுதான், ராமசுவாமி சொன்னதே சரி என்று மனசுக்குள் தீர்ப்பு எழுதவில்லை? போகட்டும். உங்கள் வீட்டு விசேஷத்தன்று வாத்தியாரின் போன் நம்பரை மட்டும் வீட்டுப் பெண்களிடம் கொடுத்துவைத்துவிடுங்கள்.