ஹேகலே வீட்டில் ஸ்கோர் சொன்ன கதை

என்னை முட்டாள் என்று சொன்னவர்கள் பலர். அவர்களில் ஒருவர்கூடப் பொய் சொன்னதில்லை. ஆனால் எந்த அளவுக்கு முட்டாள் என்று அளந்து பார்க்க அவர்களிடம் சரியான கருவி இருக்கவில்லை. அந்தக் கருவி அமெரிக்காவில் தயாராகி, ஒரு வீடியோ கசெற்றில் ஏறி, ஸ்டுட்கார்ட்டின் தெற்கு ஓரத்தில் ஒரு வீட்டு வரவேற்பறையில் என்னைத் தேடி வந்து சேர்ந்தது. பேஸ்போலில் வருடத்துக்கு ஒருமுறை நடக்கும் நட்சத்திர ஆட்டம்தான் அது.

(அந்த ஆட்டத்தை ரசிப்பது எப்படி என்று வழிகாட்டி தேடி யாராவது இந்தப் பக்கம் வந்திருந்தால், இருங்கள், போகவேண்டாம். எப்படி ரசிக்கக்கூடாது என்பதில் என்னை விஞ்ச ஜெர்மனியில் ஆளில்லை.)

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. ஊருக்குப் போக முடியாத காலம் என்பதால் சிங்கப்பூரில் போய்த் தாலி கட்டி, மனைவி சுபாவைக் கொழும்புக்கு விமானம் ஏற்றிவிட்டு நான் மட்டும் திரும்பி வந்திருந்தேன். அவளைக் கூப்பிட வேண்டுமென்றால் முதலில் இரண்டு பேர் இருக்கக்கூடிய வீடு காட்டு என்றது வெளிநாட்டவர் அலுவலகம். நான் இருந்ததோ மூன்று ஆண்கள் வேலை நேரத்துக்கு ஏற்ப முறைவைத்துப் படுக்கும் ஓர் அறை. (கட்டில் எப்போதும் சூடாகவே இருக்கும். குளிர்காலத்தில் அது ஒரு வசதி.) வீடு தேடித் தொலைபேசி எடுத்தால், என் டொச்சின், அதாவது ஜெர்மன் மொழியின், முதல் வசனம் முடிவதற்குள் அந்த வீடு வாடகைக்குப் போய்விட்டிருக்கும். சுபாவுடன் தொலைபேசியில் கதைப்பதற்கு ஆகும் செலவு பயங்கரமானது என்பதால் அவள் வணக்கம், சுகம் எல்லாவற்றையும் வெட்டிவிட்டு ஒரே ஒரு சொல்தான் கேட்பாள்.

"வீடு?"

இந்த நிலையில்தான் ஹெர் ஹேகலேயின் மேல்மாடி எனக்குக் கிடைக்கப் பார்த்தது. இரண்டு அறை, சமைக்க ஒரு குசினி, ஜன்னலைத் திறந்தால் ஆப்பிள் மரம். ஹேகலே ஓய்வுபெற்ற டிராம் சாரதி. அமெரிக்க இராணுவ முகாமின் வேலியோரம் வளர்ந்தவர். சின்ன வயதில் வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு சிப்பாய் தூக்கிப் போட்ட தோல் கையுறையை வரவேற்பறைச் சுவரில், மற்றவர்கள் சிலுவை மாட்டும் இடத்தில், மாட்டி வைத்திருந்தார். வீடு பார்க்கப் போன நான் வாடகை கேட்டிருக்கலாம். தண்ணீர்க் குழாயைத் திறந்து பார்த்திருக்கலாம். நான் அந்தக் கையுறையைப் பார்த்து, "ஆ, பேஸ்போல்" என்றேன்.

"உங்களுக்குப் பேஸ்போல் தெரியுமோ?" என்றார் அவர். (அவர் பேசிய ஷ்வாபன் டொச்சை எங்கள் ஊர்த் தமிழிலேயே தருகிறேன். இரண்டுமே அடுத்த மாகாணத்துக்காரனுக்கு விளங்காத பாஷைகள்தான்.)

"தெரியுமோவோ? விளையாடியே இருக்கிறன்."

உண்மை என்னவென்றால், எங்கள் பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் பெண் பிள்ளைகள் எல்லே விளையாடுவார்கள். மெல்லிய தடியால் பந்தை அடித்துவிட்டு வட்டமாக ஓடுகிற விளையாட்டு. அதை மதிலுக்கு மேலால் பார்த்து, அதிபரிடம் அடி வாங்கியதுதான் என்னுடைய பேஸ்போல் அனுபவம்.

ஹேகலேயின் முகம் மலர்ந்தது. பக்கத்தில் நின்ற அவர் மனைவி ஃப்ராவ் ஹேகலே, தண்டவாளத்தில் காலை வைக்கிறவனைப் பார்ப்பதுபோல என்னைப் பார்த்தார். அந்த வீட்டை வங்கியில் வேலை செய்கிற ஒரு ஜெர்மன் தம்பதியும் கேட்டிருந்தார்கள். ஆனாலும் ஹேகலே என் தோளில் கையைப் போட்டார். நட்சத்திர ஆட்டம் வருகிறதாம். இங்கே அது விடியப்புறம்தான் வருமாம். முகாமின் தொலைக்காட்சியிலிருந்து வீடியோவில் பிடித்து, ஞாயிறு மத்தியானம் அயலவர்களைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டுவாராம். ஒவ்வொரு வருடமும் அவர்கள் ஒன்றும் விளங்காமல் உருளைக்கிழங்கு சலாது தின்றுவிட்டுப் போகிறார்களாம்.

"நீங்கள் வந்து, துவங்க முதல் ஒரு சின்ன விளக்கம் குடுங்கோ. அதுக்குப் பிறகு வீட்டைப் பற்றிக் கதைப்பம்."

போகிற போக்கில் இன்னொன்றும் சொன்னார். புதன் தொடக்கம் ஞாயிறுவரை தான் பத்திரிகை தொடமாட்டாராம், வானொலி போடமாட்டாராம், தொலைபேசியும் எடுக்கமாட்டாராம். எனக்கு மனம் உருகிப் போய்விட்டது. பாவம் மனிதர், நான்கு நாளைக்கு ஸ்கோர் தெரியாமல் இருக்கப் போகிறாரே.

இந்த இடத்தில் எங்கள் ஊர்ப் பழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். கிரிக்கெட் ரெஸ்ட் மேட்ச் நடக்கும் நாட்களில் யார் வீட்டுக்கு யார் போனாலும் முதல் கேள்வி "ஸ்கோர் என்ன?" என்பதுதான். செத்த வீட்டில்கூட, கட்டிப்பிடித்து அழுகிற அழுகைக்கு நடுவில் காதுக்குள் கேட்பார்கள். ஸ்கோர் கொண்டுவருகிறவனுக்கு நாற்காலி, தேத்தண்ணி, மரியாதை. தெரியாமல் வந்தவன் வெறுங்கையோடு வந்தவன். ஆகவே ஹேகலே வீட்டுக்கு என்ன கொண்டுபோக வேண்டும் என்பதில் எனக்குக் கொஞ்சமும் குழப்பம் இருக்கவில்லை. குழப்பமெல்லாம் மிச்ச விஷயங்களில்தான்.

என் குரு பாலா அண்ணை. என்னோடு அதே கட்டிலை முறைவைத்துப் பாவித்தவர். அமெரிக்கச் சிப்பாய்கள் சாப்பிட வருகிற உணவகமொன்றில் கோப்பை கழுவியதால், அமெரிக்க விவகாரங்களில் எங்கள் அறையின் நிபுணர் அவர்தான்.

"கிரிக்கெட் தெரிஞ்சவனுக்கு இதில என்னடா படிக்கக் கிடக்கு," என்று தொடங்கினார். ஆட்டத்துக்கு ஒன்பது இன்னிங்ஸ் என்றார். கிரிக்கெட்டில் நாலு இன்னிங்ஸுக்கே ஐந்து நாள் போகிறதே, இது எத்தனை நாள் போகும் என்று கேட்டேன். பாலா அண்ணை கண்ணை மூடிக் கணக்குப் பார்த்தார்.

"வேலையில லீவு சொல்லிப் போட்டுப் போ."

அடுத்த நாள் ஒரு சிப்பாயிடம் விசாரித்து, மூன்று மணித்தியாலம்தான் என்று திருத்தினார். அதற்குள் நான் மேற்பார்வையாளரிடம் லீவு கேட்டு, காரணமும் சொல்லி, தொழிற்சாலை முழுக்கச் சிரித்து முடிந்திருந்தது.

மற்ற விபரங்கள் துண்டு துண்டாக வந்தன. அமெரிக்காவில் இரண்டு லீக். ஒன்றுக்குப் பெயர் அமெரிக்கன், மற்றதற்கு நேஷனல். இரண்டும் அமெரிக்காவில்தான் என்றால் எதற்கு ஒன்றுக்கு மட்டும் அமெரிக்கன் என்று பெயர் என்றேன். எங்களூர்ச் சங்கம் இரண்டாக உடைந்தபோது இரண்டுமே தாங்கள்தான் ஒரிஜினல் என்று சொல்லவில்லையா என்று கேட்டு அண்ணை என் வாயை அடைத்தார். எல்லாக் கழகங்களிலிருந்தும் கெட்டிக்காரர்களைப் பொறுக்கி, லீக்குக்கு ஓர் அணியாக மோதவிடுவார்கள். யார் யார் முதலில் இறங்குவது என்பதற்கு ரசிகர்கள் வாக்குப் போடுவார்கள். ஒரே ஆள் எத்தனை வாக்கும் போடலாம். (இதுவும் எங்கள் சங்கம் மாதிரித்தான் என்பதால் உடனே விளங்கிவிட்டது.) எவ்வளவு மோசமான கழகமாக இருந்தாலும் அதிலிருந்து ஓர் ஆளாவது இருக்க வேண்டும். கல்யாண அல்பத்தில் கோபக்காரச் சித்தப்பாவும் ஒரு படத்திலாவது இருக்க வேண்டும் என்பது போல.

"சரி, வெண்டால் என்ன கிடைக்கும்?" என்று கேட்டேன்.

"ஒண்டுமில்லை."

"தோத்தால்?"

"அதுக்கும் ஒண்டுமில்லை."

நான் குழம்பிப்போய்ப் படுத்தேன். வென்றாலும் தோற்றாலும் ஒன்றுமில்லாத ஆட்டம் அவர்களுக்கு. எனக்கோ அதில் இரண்டு அறையும் குசினியும் மனைவியும் தொங்கிக்கொண்டிருந்தன.

ஞாயிறு வந்தது. பாலா அண்ணை பொரித்துத் தந்த ஆட்டிறைச்சி ரோல்ஸ் ஒரு பெட்டி நிறைய, அவர் உணவகத்தில் கேட்டறிந்து தந்த ஸ்கோர் தலை நிறைய. கோட்டுப் போட்டு, கழுத்தில் ரை கட்டிக்கொண்டு போனேன். (ஜூலை வெயில். மற்ற எல்லோரும் அரைக் காற்சட்டை.) வரவேற்பறையில் அயலவர்கள் சலாதுக் கோப்பைகளுடன் உட்கார்ந்திருந்தார்கள். ஊருக்குத் திரும்பிப்போன சிப்பாய் ஒருவரிடம் வாங்கிய அமெரிக்கத் தொலைக்காட்சி, கீழே ஒரு பெரிய மின்மாற்றியை வைத்துக்கொண்டு ம்ம்ம் என்று முனகியது. ஹேகலே கையில் ரிமோட்டை ஏந்தி, பூசைக்கு மணியடிக்கக் காத்திருப்பவர்போல நின்றார்.

நான் எழுந்து விளக்கம் தந்தேன். வாக்குப் போடுகிற கதைக்குச் சிரித்தார்கள். சித்தப்பா கதைக்கு ஒருவர் கைதட்டினார். ஃப்ராவ் ஹேகலேகூட ஒரு ரோல்ஸ் எடுத்துக் கடித்தார். வீடு கிட்டத்தட்டக் கைக்குள் வந்துவிட்டது. அதோடு உட்கார்ந்திருக்கலாம். ஆனால் கொண்டுவந்த முக்கியமான பரிசை இன்னும் கொடுக்கவில்லையே. தொண்டையைச் செருமிக்கொண்டு, நான்கு நாளாகத் தவித்துக்கொண்டிருக்கும் ஹெர் ஹேகலேக்கு ஒரு நல்ல செய்தி என்று தொடங்கினேன். நேஷனல் லீக் வென்றுவிட்டது, ஒரே ஓர் ஓட்டத்தால். எட்டாவது இன்னிங்ஸில் மாற்று ஆளாக இறங்கியவர், வந்த முதல் பந்தையே வேலிக்கு வெளியே அடித்தார்.

சொல்லிவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு தேத்தண்ணிக்காகக் காத்து நின்றேன்.

மின்மாற்றி மட்டும் முனகியது. ஹேகலேயின் ரிமோட் பிடித்த கை மெல்லக் கீழே இறங்கியது. என் டொச் விளங்கவில்லைப் போலிருக்கிறது என்று நினைத்தேன். ஆகவே திரும்பவும் ஒருமுறை, ஆறுதலாக, சொல் சொல்லாகச் சொன்னேன். இந்தமுறை ஒரு ரோல்ஸைப் பந்தாகப் பிடித்து, கரண்டியால் அடிக்கிற மாதிரிச் செய்தும் காட்டினேன். ஓர் அயலவர் கண்களை மூடிக்கொண்டார். இன்னொருவர், இந்தத் தெரு முழுக்க நான்கு நாளாக அதைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை என்று மிக மெல்லிய குரலில் எனக்குச் சொன்னார்.

அப்போதுகூட விளங்கவில்லை. ஹேகலே ஏன் இப்படி உட்கார்ந்திருக்கிறார்? நேஷனல் வென்றது பிடிக்கவில்லையோ? முடிவு தெரிந்த பிறகுதானே ஆறுதலாகப் பார்க்கலாம்? எங்கள் ஊரில் அப்படித்தானே?

ஆட்டம் ஓடியது. அது என் குழப்பத்தை இன்னும் கூட்டியது. ஒரே அணியில் ஒவ்வொருவனும் ஒவ்வொரு உடுப்பு. எங்கள் கோடை விளையாட்டுப் போட்டிக்கு உடுப்பு தைக்கக் காசு சேராத கழகங்கள் இப்படித்தான் வரும். அமெரிக்காவிலும் கஷ்டம்தான் போல என்று பக்கத்தில் இருந்தவரிடம் அனுதாபப்பட்டேன். அவர் தன் நாற்காலியைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டார். (அவரவர் தங்கள் கழக உடுப்போடு வருவதுதான் அந்த ஆட்டத்தின் அழகு என்று பல வருடங்களுக்குப் பிறகு தெரிந்துகொண்டேன்.) நன்றாகப் பந்து வீசிக்கொண்டிருந்தவரைக் கொஞ்ச நேரத்தில் எடுத்துவிட்டு வேறொருவரை விட்டார்கள். அவர் என்ன பிழை செய்தார் என்று கேட்டேன். கல்யாணப் பந்தி மாதிரி எல்லோருக்கும் இடம் கிடைக்க வேண்டும் என்பதற்காக மாற்றுகிறார்கள் என்று எனக்கு நானே விளக்கம் சொல்லிக்கொண்டேன். ஸ்கோருக்குப் பிறகு நான் சொன்னதில் சரியாக இருந்தது அது ஒன்றுதான். அதைக் கேட்கத்தான் ஆளில்லை.

எட்டாவது இன்னிங்ஸ். மட்டையோடு ஒரு புது ஆள் நடந்து வந்தார். வரவேற்பறை முழுக்கத் திரும்பி என்னைப் பார்த்தது. அப்போதுதான், கடவுளே, அப்போதுதான் எனக்கு விளங்கியது. பந்து வந்தது. அடித்தார். வேலிக்கு வெளியே போனது. அமெரிக்காவில் ஆயிரக்கணக்கானோர் குதித்தார்கள். எங்கள் அறையில் ஒருவர் சலாது கிண்டும் சத்தம் மட்டும் கேட்டது.

பிறகு ஒரு கைதட்டல். ஃப்ராவ் ஹேகலே. குசினி வாசலில் நின்று, கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டிருந்தார்.

"கல்யாணம் கட்டின நாள் துவக்கம் இந்த ஆட்டத்தைப் பாக்கிறன். எப்ப குசினியை விட்டு வெளியில வரவேணும் எண்டு ஒருத்தர் சொன்னது இதுதான் முதல்தரம்," என்றார். பிறகு கணவரைப் பார்த்துச் சொன்னார். "வீடு என்ரை அப்பா கட்டினது. மேல்மாடி இவருக்குத்தான்."

ஹேகலே சுவரிலிருந்த கையுறையை நிமிர்ந்து பார்த்தார். பிறகு ஒரே ஒரு நிபந்தனை போட்டார். ஒவ்வொரு வருடமும் அந்த ஞாயிறு மாடிப்படி கழுவும் முறை என்னுடையது. நிலவறையிலிருந்து தொடங்க வேண்டும். அவசரப்படக் கூடாது.

அடுத்த வசந்தத்தில் சுபா வந்து சேர்ந்தாள். வந்த கொஞ்ச நாளிலேயே ஃப்ராவ் ஹேகலே இந்தக் கதையை நடித்துக் காட்டிவிட்டார். இரண்டு பேருக்கும் பொது மொழி இல்லை. ஆனால் ஒரு ரோல்ஸும் கரண்டியும் போதுமாக இருந்தன. இன்றைக்குப் பிள்ளைகள் வளர்ந்து வேலைக்குப் போகிறார்கள். பரீட்சை முடிவானாலும் சரி, கறிக்கு உப்புப் போதுமா என்பதானாலும் சரி, நான் ஏதாவது கேட்டால் எங்கள் வீட்டில் ஒரே பதில்தான் வரும். அது பிறந்தது சுபா வந்த அந்த வருடத்து ஜூலை ஞாயிறன்று.

நான் வாளியும் தும்புத்தடியுமாக நிலவறையிலிருந்து தொடங்கி, ஒவ்வொரு படியாக ஏறி வந்துகொண்டிருந்தேன். ஹேகலே சுபாவை ஆட்டம் பார்க்கக் கூப்பிட்டிருந்தார். பாவம், ஒன்றும் விளங்காமல் இருப்பாள் என்று நினைத்தேன். உள்ளேயிருந்து அவளும் ஹேகலேயும் ஒரே நேரத்தில் கத்துவது கேட்டது. (கல்யாணத்துக்கு முன் விசாரித்தபோது சாதகம் பார்த்தார்கள், படிப்புக் கேட்டார்கள். பெண், பள்ளிக்கூட எல்லே அணியின் தலைவி என்று ஒருவரும் சொல்லவில்லை.) எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. கதவை ஒரு விரல் அளவுக்குத் திறந்து மெல்லக் கேட்டேன்.

"இஞ்சரும், ஸ்கோர் என்ன?"

சுபா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"படியைக் கழுவுங்கோ."