உங்கள் வீட்டுப் புலம் ஒரு நூல் இறங்கியிருக்கிறது

இரண்டு சூரியன்கள் முறைவைத்துக் காயும் நம்முடைய இந்த உலகத்தில் சுருதி திருத்துநர் என்றோர் இனம் உண்டு. தேடிப் போக வேண்டாம், அவரே வருவார். செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே தலையைச் சாய்த்து, ஒரு கண்ணை மூடி, "உங்க வீட்டுப் புலம் ஒரு நூல் இறங்கியிருக்கே, கவனிக்கலையா?" என்று யார் கேட்கிறாரோ, சாட்சாத் அவரேதான்.

ஒலியொளிப் புலத்தைப் பற்றி உங்களுக்குச் சொல்லவா வேண்டும்? கூடத்தில் இடுப்புயரக் கண்ணாடித் தண்டு. காலையில் வீட்டார் ஒருவர் அதன்முன் நின்று 'ம்ம்ம்' என்று முனகினால் நீல வெளிச்சம் சுவரெல்லாம் பரவும். பிறகு அதே குரல் அதே மாதிரி முனகினால்தான் கதவு திறக்கும், தண்ணீர் சுடும், நாற்காலி நான்கு விரல் எழும்பி நாம் காட்டிய இடத்துக்கு நகரும். கடைசியாக முனகியவர் யாரோ, மறுநாள் காலைவரை அவருக்குத்தான் வீடு கட்டுப்படும். ஐந்து வயதுப் பிள்ளைக்கும் தெரிந்த விஷயம். திருத்துநருக்கும் தெரியும். சும்மா இருக்கத்தான் தெரியாது.

என் பெரிய மாமா இந்த இனத்தின் சிகரம். உணவு விடுதிக்குப் போனால் தட்டைப் பார்க்க மாட்டார். சுவரில் ஓடும் வெளிச்சத்தைப் பார்த்து உச்சுக்கொட்டுவார். பல் பிடுங்கப் போன இடத்தில், திறந்த வாயோடு டாக்டரம்மாவின் புலத்தை அவர் திருத்தப்போக, ஆடாத பல் ஒன்று கழன்று வந்துவிட்டது. அசரவில்லையே! "பல்லு கெடக்குது, அந்தம்மாவோட புலம் இப்ப எப்படிப் பேசுது தெரியுமா?"

போன மாதம் என் தங்கைக்குப் பெரும்புல நிலையத்தில் நேர்முகத் தேர்வு. நகரத்துப் பாலத்தை அந்தரத்தில் தாங்கி நிற்கும் நிலையம் அது. மூன்று வருஷம் அதற்காகவே படித்தாள். பதினொரு மணிக்கு ஆஜராக வேண்டும். தவறினால் அடுத்த வாய்ப்பு ஆறு வருஷம் கழித்து. ஒன்பதரைக்கு மாமா வாழ்த்துச் சொல்ல வந்தார். அம்மா தண்ணீரைக் கொடுத்துவிட்டுக் கெஞ்சினாள்.

"அண்ணா, இன்னிக்கு ஒரு நாள் புலத்துல கை வைக்காதீங்க."

"நான் எங்கம்மா கை வைக்கிறேன்? சும்மா காது குடுத்துக் கேக்கிறேன்."

கேட்டார். தண்ணீரை மடமடவென்று குடித்தார். ம்ம்ம் என்றார். நடுவில் ஒரு விக்கல். மறுபடி ம்ம்ம். அவ்வளவுதான், வெளிச்சம் பச்சையாகிவிட்டது. முனகலும் விக்கலும் சேர்ந்து எங்கள் வீட்டுக்குச் சுருதியாகிவிட்டன! இப்படி எதுவும் கலந்து ஏறிய சுருதியை, அதே கலவையில் முனகித் திறக்கும்வரை வேறு யார் முனகியும் மாற்ற முடியாது.

அதோடு விட்டதா? அடுத்தடுத்த வெறும் விக்கல்களைக் கேட்டுப் புலம் குழம்பிப்போய், ஒவ்வொன்றுக்கும் அப்பாவை நாற்காலியோடு கூரைவரை தூக்கி இறக்கியது. நான்காவது முறை அப்பாவின் தலை கூரையில் மடாரென்று மோதியது. அதிர்ச்சியில் மாமாவுக்கு விக்கல் நின்றுபோனது. தங்கை அப்போதுதான் கதவருகே போனாள். மாமா முனகினார்; திறக்கவில்லை. பொய்யாக விக்கினார், புலமாவது ஏமாறுவதாவது. ஜன்னலும் அசையவில்லை.

"எனக்கு விக்கல் வேணும் மாமா!" என்று தங்கை அலறினாள். காய்ந்த ரொட்டியை மாமாவின் வாயில் திணித்தோம், விலாவில் கிச்சுக்கிச்சு மூட்டினோம், தலைகீழாக நிறுத்தித் தண்ணீர் புகட்டினோம். எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. பத்து ஐம்பதுக்கு, முனகலின் நடுவே அந்த மகத்தான விக்கல் வந்தது; கதவு திறந்தது. விட்ட அம்பாகப் பறந்தாள் தங்கை.

நிலையத்துக்குப் போய்ச் சேரும்போது பதினொன்றே கால். எல்லாம் போயிற்று என்று நினைத்தாள். ஆனால் தேர்வுக்குழுவினர் ஐந்து பேரும் அறைக்குள்ளே, கதவு இறுக மூடியபடி. ஆளாளுக்கு அறையின் புலத்தைத் திருத்தியிருக்கிறார்கள்! கடைசியாக முனகியது யார் என்று உள்ளே ஒரே வாக்குவாதம்.

தங்கை கதவில் வாய்வைத்துக் கேட்டாள்: "ஐயா, யாருக்காவது நடுவுல விக்கல், தும்மல், இருமல் ஏதாவது வந்துச்சா?"

உள்ளிருந்து குழுத் தலைவரின் குரல், மிகவும் இறங்கி: "எனக்கு ஒரு தும்மல் வந்துச்சும்மா."

"அதையும் சேத்து முனகுங்க."

ஒரு சிட்டிகை மூக்குப்பொடியில் கதவு திறந்தது. வேலை நியமனம் வாசற்படியிலேயே நடந்தது.

சிரிக்கிறீர்கள், நல்லது. ஆனால் மாமா முனகிய இடத்தில், 'குரலைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்திருக்கலாமே' என்று உங்கள் தொண்டை லேசாக ம்ம்ம் என்றதா, இல்லையா? இல்லையென்றால் ரொம்ப சந்தோஷம். எதற்கும் எழுந்து போய், உங்கள் வீட்டுக் கதவை ஒருமுறை திறந்து பாருங்கள்.